‘தலையிட இயலாது’ என்றால் என்ன பொருள்?



நினைவுப் பொழிவு என்றால் மறைந்தவரைப் பற்றி நிறையப் பேசுவது வழக்கம். அண்ணன் இருந்திருந்தால் அதற்கு விட்டிருக்க மாட்டார். “ஆளைப் பத்தி அஞ்சு நிமிஷம், விஷயத்தைப் பத்தி அம்பது நிமிஷம்” என்பது கூட்டம் நடத்துவதில் அவர் வைத்திருந்த கணக்கு. அவருடைய கதைகளைப் பற்றிக் காலை அமர்வில் தோழர்கள் நிறைவாகப் பேசிவிட்டார்கள். எந்தத் தொகுப்பிலும் வராத அவருடைய இன்னொரு எழுத்திலிருந்து நாங்கள் தொடங்குகிறோம். அது அவர் எழுதிய மனுக்கள். ஆணையருக்கு, ஆட்சியருக்கு, தொழிலாளர் துறைக்கு என்று முப்பது ஆண்டுகளாகத் தூய்மைப் பணியாளர்களுக்காக அவர் எழுதிக்கொடுத்த மனுக்களை அடுக்கினால், அவர் கதைத் தொகுப்புகளைவிட உயரமாக நிற்கும்.

அந்த மனுக்களில் ஒன்று உயர் நீதிமன்றம் வரை போனது. எங்கள் ஊர் நகராட்சி சில வார்டுகளின் துப்புரவை ஒப்பந்தக்காரரிடம் கொடுத்தபோது ரிட் மனு போட்டோம். மனு தள்ளுபடியானது. நீதிமன்ற வராந்தாவில் வக்கீல் அதைச் சொல்லிவிட்டு அடுத்த வழக்குக்கு ஓடினார். எங்களோடு வந்திருந்த ஒரு அம்மா, இருபது வருடம் குப்பை வண்டி தள்ளியவர், அண்ணனிடம் கேட்டார்: “அப்போ நாம கேட்டது தப்புன்னு ஜட்ஜய்யா சொல்லிட்டாரா?”

“தப்புன்னு சொல்லலக்கா. அதைப் பத்தி நான் பேசவே மாட்டேன்னு சொல்லியிருக்காரு.”

“பேச மாட்டேன்னு சொல்றதைக் கேக்கவா இவ்ளோ தூரம் வந்தோம்?”

நாங்கள் யாரும் பதில் சொல்லவில்லை. ஊர் திரும்பிய மறுநாள் காலை மஸ்டரில் நிற்கும்போது மேஸ்திரி சொன்னது இது: “கோர்ட்டே சொல்லிடுச்சு, இனி என்ன?” நீதிமன்றம் அப்படி எதுவும் சொல்லவில்லை. அது சொன்னது, இதற்குள் வர எனக்கு அதிகாரம் இல்லை என்பது. வாசலோடு நின்றுவிட்ட ஒரு தீர்ப்பு, ஊருக்குள் ஒப்பந்தக்காரருக்கு நற்சான்றிதழாகப் போய்ச் சேர்ந்தது. இதைக் கேட்ட பிறகு வேலையாட்களில் பாதிப்பேர் சங்கத்துக்கு வருவதை நிறுத்தினார்கள். அந்தப் பாதிப்பேரை இழந்ததுதான் எங்களுக்கு வழக்கில் தோற்றதைவிடப் பெரிய நட்டம்.

ஆகவே அந்த அம்மாவின் இரண்டு கேள்விகளையும் இன்று எடுத்துக்கொள்கிறோம். நிர்வாகம் எடுக்கும் முடிவுக்குள் நீதிமன்றம் எதுவரை போகும், எங்கே நின்றுவிடும்? அது நின்றுவிடும் இடம் ஏன் திரும்பத் திரும்ப நம்முடைய சனங்களின் வீட்டு வாசலாகவே இருக்கிறது?

அரசோ உள்ளாட்சியோ எடுக்கும் முடிவு சட்டப்படி இருக்கிறதா என்று நீதிமன்றம் பார்ப்பதை நீதிப் புனராய்வு என்கிறார்கள். நம் அரசமைப்பில் பிரிவு 32 உச்ச நீதிமன்றத்துக்கும், பிரிவு 226 உயர் நீதிமன்றங்களுக்கும் இந்த அதிகாரத்தைத் தருகின்றன. பிரிவு 32ஐ அரசமைப்பின் ஆன்மா என்றும் இதயம் என்றும் 1948 டிசம்பரில் அரசமைப்பு அவையில் பாபாசாகேப் சொன்னது இங்கே பலருக்கும் மனப்பாடம். மேடைகளில் நாம் அதைச் சொல்கிற வேகத்துக்கு, அந்தப் பிரிவுகள் நடைமுறையில் எப்படிச் சுருக்கப்பட்டன என்பதைப் படித்ததில்லை.

அந்தச் சுருக்கத்தின் சூத்திரம் இதுதான்: முடிவு சரியா தவறா என்று நீதிமன்றம் பார்க்காது, முடிவு எடுக்கப்பட்ட விதத்தை மட்டும் பார்க்கும். 1994இல் டாடா செல்லுலார் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை விரிவாக எழுதியது. அது செல்பேசிச் சேவைக்கான டெண்டர் பற்றிய வழக்கு. முடிவெடுத்தவருக்கு அதிகாரம் இருந்ததா, முறைப்படி நடந்ததா, எந்த மனிதனும் எடுக்க முடியாத அளவுக்கு அபத்தமான முடிவா என்று மூன்றைப் பார்க்கலாம். அதற்கு மேல் போனால் நீதிபதி அதிகாரியின் நாற்காலியில் உட்கார்ந்ததாகிவிடும்.

இந்த மூன்றும் இங்கிலாந்திலிருந்து வந்தவை. ‘அபத்தம்’ என்ற அளவுகோல், பதினைந்து வயதுக்குட்பட்ட பிள்ளைகளை ஞாயிற்றுக்கிழமை சினிமாவுக்கு விடக் கூடாது என்று ஒரு நகராட்சி போட்ட நிபந்தனையைப் பற்றிய 1947ஆம் ஆண்டு வழக்கில் பிறந்தது. சினிமாக் கொட்டகைக்காக உருவான அளவுகோலில் இன்று நாம் குப்பைக் கிடங்கை அளக்கிறோம். மூன்றையும் ஒரே பட்டியலாக வகுத்துத் தந்தது 1984ஆம் ஆண்டு வழக்கு. அது அரசு ஊழியர்கள் போட்டது. செல்டன்ஹாமில் இருந்த அரசின் தகவல் தொடர்பு உளவு மையத்தில் வேலை செய்தவர்கள் தொழிற்சங்கத்தில் இருக்கக் கூடாது என்று தாட்சர் அரசு எந்தக் கலந்தாலோசனையும் இல்லாமல் உத்தரவிட்டது. ஊழியர்கள் பிரபுக்கள் அவை வரை போனார்கள். இத்தனை காலம் கலந்து பேசித்தான் நிபந்தனைகளை மாற்றினீர்கள், ஆகவே கலந்து பேசுவீர்கள் என்று எதிர்பார்க்க அவர்களுக்கு நியாயம் உண்டு என்று நீதிபதிகள் ஒப்புக்கொண்டார்கள். ஒப்புக்கொண்டுவிட்டு, நாட்டின் பாதுகாப்பு என்று அரசு சொல்வதால் அதற்கு மேல் கேட்க மாட்டோம் என்று முடித்தார்கள். சங்கம் வைக்கும் உரிமை 1997இல்தான் திரும்பக் கிடைத்தது. அதைக் கொடுத்தது ஆட்சி மாற்றம், நீதிமன்றம் அல்ல. உலகம் முழுக்கச் சட்டக் கல்லூரிகளில் ஒப்பிக்கப்படும் மூன்று காரணங்கள் எழுதப்பட்டதே, ஊழியர்கள் தோற்றுப்போன ஒரு தீர்ப்பில்தான்.

சரி, ‘முடிவு எடுக்கப்பட்ட விதத்தைப் பார்ப்போம்’ என்கிறார்களே, அதையாவது பார்க்கிறார்களா?

2001 டிசம்பரில் பால்கோ தீர்ப்பு வந்தது. சத்தீஸ்கரின் கோர்பாவில் இருந்த பொதுத்துறை அலுமினிய நிறுவனத்தின் 51 சதவீதப் பங்குகளை ஒன்றிய அரசு தனியாருக்கு விற்றது. தொழிலாளர்கள் இரண்டு மாதத்துக்கும் மேல் வேலைநிறுத்தம் செய்தார்கள், வழக்கும் போட்டார்கள். அவர்கள் கேட்டவற்றில் ஒன்று மிக எளியது: எங்கள் முதலாளியை மாற்றுகிறீர்கள், எங்களை ஒரு வார்த்தை கேட்க வேண்டாமா? உச்ச நீதிமன்றம் வேண்டாம் என்றது. இது பொருளாதாரக் கொள்கை முடிவு, கொள்கை முடிவில் இயற்கை நீதிக் கோட்பாட்டுக்கு வேலையில்லை, பாதிக்கப்படுபவரை முன்கூட்டிக் கேட்க வேண்டிய கடமை இல்லை. பிரிவு 311இன் பாதுகாப்பில் இருக்கும் அரசு ஊழியருக்கே வேலையில் தொடர்ந்து இருக்கும் முழு உரிமை கிடையாது, பதவியையே ஒழித்தால் அவரும் போக வேண்டியதுதான் என்றும் எழுதினார்கள்.

இதை ஒன்றோடொன்று பொருத்திப் பாருங்கள். முடிவின் உள்ளடக்கத்தைப் பார்க்க மாட்டோம், முறையை மட்டும் பார்ப்போம் என்பது முதல் விதி. கொள்கை முடிவு என்றால் உங்களைக் கேட்க வேண்டும் என்ற முறையே இல்லை என்பது இரண்டாவது விதி. இரண்டும் சேர்ந்தால் பார்ப்பதற்கு என்ன மிச்சம்? ஒரு தனிமனிதரை மேஸ்திரி வேலையை விட்டு நிறுத்தினால் நோட்டீஸ் கொடுத்தாயா, விளக்கம் கேட்டாயா என்று நீதிமன்றம் கேட்கும். இரண்டாயிரம் பேரை ஒரே தீர்மானத்தில் நிறுத்தினால் அது கொள்கை. எண்ணிக்கை கூடக் கூடக் கேள்வி குறைகிறது.

2025 ஆகஸ்டில் சென்னையில் நாம் பார்த்ததும் இதுதான். ராயபுரம், திரு.வி.க. நகர் ஆகிய ஐந்தாவது, ஆறாவது மண்டலங்களின் துப்புரவைத் தனியாருக்கு விடும் மாநகராட்சித் தீர்மானத்தை எதிர்த்து, ஆகஸ்ட் 1 முதல் ரிப்பன் கட்டட வாசலில் தொழிலாளர்கள் உட்கார்ந்தார்கள். பெரும்பாலும் பெண்கள், பெரும்பாலும் தலித்துகள். பெருவெள்ளத்திலும் கொரோனாவிலும் இந்த நகரம் வீட்டுக்குள் இருந்தபோது தெருவில் நின்றவர்கள். தேசிய நகர்ப்புற வாழ்வாதார இயக்கத்தின் கீழ் சுய உதவிக் குழு என்ற பெயரில் எடுக்கப்பட்டதால், காகிதத்தில் அவர்கள் மாநகராட்சி ஊழியர்களே அல்ல. மாதம் 23,000 ரூபாய்க்கு அருகில் வாங்கியது, தனியாரிடம் போனால் 17,000க்கும் கீழே இறங்கும் என்பது அவர்கள் சொன்ன கணக்கு. பதின்மூன்றாம் நாள் உயர் நீதிமன்றம், நடைபாதையை மறித்து உட்காரக் கூடாது, சட்டப்படி அப்புறப்படுத்தலாம் என்றது. அன்று நள்ளிரவே போலீஸ் வந்தது. தீர்மானத்தை எதிர்த்த வழக்கில், அதை ரத்து செய்ய நீதிமன்றம் மறுத்தது. கடைசியாக வாங்கிய ஊதியத்துக்குக் குறையாமல் கொடுக்க வேண்டும் என்று மட்டும் சொன்னது.

அந்த ஊதியப் பாதுகாப்பைச் சிறுமைப்படுத்த மாட்டோம். ஒரு குடும்பத்துக்கு ஆறாயிரம் ரூபாய் என்பது பிள்ளையின் கல்லூரிக் கட்டணம். அதே மாதத்தில் இரண்டு விஷயங்கள் நடந்ததையும் கவனிக்கச் சொல்கிறோம். தொழிலாளர்கள் நடைபாதையில் உட்கார்ந்ததைப் பார்க்க நீதிமன்றத்துக்கு எந்த வரம்பும் குறுக்கே நிற்கவில்லை. அவர்களை அங்கே உட்கார வைத்த முடிவைப் பார்க்கப் போகும்போதுதான் வரம்பு நினைவுக்கு வந்தது.

இந்த இடத்தில் மாணவத் தோழர்கள் சிலர் கேட்பார்கள், அப்படியானால் நீதிமன்றம் வரம்பே இல்லாமல் எல்லாக் கொள்கைக்குள்ளும் புக வேண்டும் என்கிறீர்களா என்று. இல்லை. அப்படிச் சொல்வதற்கு நமக்கு வரலாறு இடம் தரவில்லை. 1951இல் சென்னை மாகாணத்தின் வகுப்புவாரி அரசாணையை நீதிமன்றம் அடித்துவிட்டதும் அரசமைப்பின் முதல் திருத்தம் வர ஒரு காரணம். நிலச் சீர்திருத்தச் சட்டங்களைச் சொத்துரிமையின் பெயரால் நீதிமன்றங்கள் எத்தனை முறை தடுத்தன! நேர்மாறாகவும் நடந்திருக்கிறது. 1980இல் தமிழ்நாட்டில் கிராம முன்சீப், கர்ணம் பதவிகளை அரசு ஒரே அவசரச் சட்டத்தில் ஒழித்தது. பரம்பரையாகச் சில சாதிகளின் கையில் இருந்து, நம் நிலத்தின் பட்டாவையும் புறம்போக்கையும் தீர்மானித்துவந்த பதவிகள் அவை. வழக்கு உச்ச நீதிமன்றம் போனது. பதவியை ஒழிப்பது அரசின் அதிகாரம், தலையிட முடியாது என்று 1982இல் தீர்ப்பு வந்தது. தேர்வு எழுதி வந்த கிராம நிர்வாக அலுவலர்கள் அந்த இடத்துக்கு வந்தார்கள், நம் பிள்ளைகளும் அதில் வந்தார்கள். நம்மை வராந்தாவில் நிறுத்திய அதே கோட்பாடு, அன்று கர்ணத்தின் வீட்டுத் திண்ணையை உடைத்தது.

ஆகவே வரம்பு இருப்பதைப் பற்றி எங்களுக்குப் பெரிய புகார் இல்லை. அது யாருக்காக நெகிழ்கிறது, யாரிடம் இறுகுகிறது என்பதுதான் புகார்.

2003 ஜூலையில் நடந்ததைப் பெரியவர்கள் மறந்திருக்க மாட்டீர்கள். வேலைநிறுத்தம் செய்த அரசு ஊழியர்கள், ஆசிரியர்கள் சுமார் 1,70,000 பேரைத் தமிழக அரசு ஒரே வீச்சில் வேலைநீக்கம் செய்தது. உயர் நீதிமன்றம், நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போங்கள் என்று அனுப்பியது. தீர்ப்பாயத்தில் அப்போது உறுப்பினர்களே ஒழுங்காக இல்லை. உச்ச நீதிமன்றம் ஆகஸ்ட் 6 அன்று, இவ்வளவு பேரை ஒன்றாக நீக்கியது அசாதாரணமான நிலை, உயர் நீதிமன்றம் தன் அதிகாரத்தைப் பயன்படுத்தியிருக்க வேண்டும் என்றது. பெரும்பாலானவர்களைத் திரும்ப எடுக்க அரசும் ஒப்புக்கொண்டது. நல்லது. ஆனால் அதே தீர்ப்பு, அரசு ஊழியருக்கு வேலைநிறுத்தம் செய்ய அடிப்படை உரிமையும் இல்லை, சட்ட உரிமையும் இல்லை, அறம் சார்ந்த நியாயமும் இல்லை என்று எழுதிவைத்துவிட்டுப் போனது. அரசு அந்த முறை மன்னித்தது, தீர்ப்பின் வாசகம் நிலைத்துவிட்டது. 1938இல் பம்பாய்ச் சட்டமன்றத்தில் தொழில் தகராறு மசோதாவை அம்பேத்கர் எதிர்த்தபோது, வேலைநிறுத்தத்தைக் குற்றமாக்குவது தொழிலாளியை அடிமையாக்குவதன்றி வேறில்லை என்று வாதிட்டார். அந்த நவம்பர் 7 அன்று கம்யூனிஸ்டுகளோடு சேர்ந்து பொது வேலைநிறுத்தமும் நடத்தினார். அறுபத்தைந்து ஆண்டு கழித்து அந்த வாதத்துக்கு ஒரே பத்தியில் பதில் எழுதிவிட்டார்கள்.

2003இல் அசாதாரணம் என்று கண்ணில் பட்டவர்கள் குமாஸ்தாக்கள், ஆசிரியர்கள். அவர்களுக்குப் பதவி இருந்தது, பணிப் பதிவேடு இருந்தது, நீக்க உத்தரவு என்று கையில் ஒரு தாள் இருந்தது. நம் தூய்மைப் பணியாளருக்கு அந்தத் தாள்கூடக் கிடைக்காது. நாளைக்கு வராதே என்று வாயால் சொல்வார்கள். ரத்து செய்யச் சொல்லிக் கேட்க உத்தரவே இல்லை.

இதற்கு அடியில் இரண்டு தீர்ப்புகள் அடிக்கல்லாக இருக்கின்றன. 2001 ஆகஸ்டில் செயில் வழக்கில் ஐந்து நீதிபதிகள், ஒரு வேலையில் ஒப்பந்த முறையை அரசு தடை செய்தாலும் அதனால் அந்தத் தொழிலாளர் தாமாகவே நிறுவனத்தின் ஊழியராகிவிட மாட்டார் என்றார்கள். அதற்குச் சில ஆண்டுகள் முன்பு ஏர் இந்தியா வழக்கில் கிடைத்த உரிமை இதனால் போனது. 2006 ஏப்ரலில் உமாதேவி வழக்கில் இன்னொரு ஐந்து நீதிபதிகள், முறையான தேர்வு இல்லாமல் வந்த தற்காலிக ஊழியரை நிரந்தரமாக்கச் சொல்லி உயர் நீதிமன்றங்கள் ரிட் மனுவில் உத்தரவிடக் கூடாது என்றார்கள். கொல்லைப்புற வழியாக வந்தவர்களை அனுமதித்தால், வெளியே காத்திருக்கும் வேலையில்லாதவர்களின் சமத்துவம் என்னாவது என்பது வாதம். வேலைவாய்ப்பு அலுவலகத்தில் பதிந்துவிட்டுக் காத்திருக்கும் நம் பிள்ளைகளை நினைத்தால் அந்த வாதத்தில் நியாயம் இருப்பதாகவே தோன்றும். நாங்கள் ஒன்றைத்தான் கேட்கிறோம். மலக்குழி அடைப்பெடுக்கவும் நாய்ச்சடலம் தூக்கவும் வேலை வேண்டும் என்று கொல்லைப்புறக் கதவில் எந்தச் சாதிப் பிள்ளைகள் முண்டியடித்து நின்றார்கள்? அந்தக் கதவு நமக்காகவே வைக்கப்பட்டது. நம்மைத் தவிர யாரும் நுழையாத கதவுவழி நுழைந்ததற்கு, மற்றவர்களின் சமத்துவத்தைக் கெடுத்தோம் என்று நம்மிடமே சொல்கிறார்கள்.

சமூகவியல் படித்த காலத்தில் வெபரின் அதிகாரவர்க்கம் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதினோம். பதவி, விதி, கோப்பு. விதி ஆள் பார்க்காது என்று பரீட்சையில் எழுதி மதிப்பெண்ணும் வாங்கினோம். விதி ஆள் பார்க்காததுபோல் சாதி பார்ப்பது எப்படி என்பதற்கு ஒரு உதாரணம் சொல்கிறோம். 2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்கு வந்திருக்கும் நான்கு தொழிலாளர் சட்டத் தொகுப்புகளில், பணிப் பாதுகாப்புக்கான தொகுப்பு ஒரு நிறுவனத்தின் மையப் பணியில் ஒப்பந்தத் தொழிலாளரைப் பயன்படுத்தக் கூடாது என்கிறது. கேட்க நன்றாக இருக்கிறது. மையப் பணி எது என்று விளக்கும் இடத்தில் ஒரு விலக்குப் பட்டியல் வருகிறது. அதில் முதலில் நிற்பது துப்புரவு: பெருக்குதல், சுத்தம் செய்தல், எல்லா வகைக் கழிவையும் சேகரித்து அகற்றுதல். அடுத்து காவல், பிறகு கேண்டீன், சுமை ஏற்றி இறக்குதல். சாதி என்ற சொல் எங்கும் இல்லை. பட்டியலைப் படித்தால் எந்தத் தெருவுக்காக எழுதியது என்று தெரியும்.

ஆனால் அந்த விலக்குக்கே ஒரு நிபந்தனை இருக்கிறது, சட்டம் படிக்கும் தோழர்கள் இதைக் குறித்துக்கொள்ளுங்கள். அந்தப் பணிக்காகவே அமைக்கப்பட்ட நிறுவனமாக இருந்தால் விலக்கு பொருந்தாது. ஒரு நகராட்சி எதற்காக அமைக்கப்பட்டது? அரசமைப்பின் பன்னிரண்டாம் அட்டவணை நகராட்சிகளின் பணிகளைப் பட்டியலிடுகிறது. அதில் ஆறாவது, பொதுச் சுகாதாரம், துப்புரவு, திடக்கழிவு மேலாண்மை. குப்பை அள்ளுவது நகராட்சியின் மையப் பணி இல்லையென்றால் வேறு எதுதான் மையப் பணி? இந்தச் சண்டையைப் போட்டாக வேண்டும். போட வேண்டிய இடம் எது என்பதில்தான் நாங்கள் பல வருடம் ஏமாந்தோம்.

உயர் நீதிமன்றத்தின் வரம்பை சட்டத்தின் வரம்பு என்று நினைத்துவிட்டோம். ரிட் மனு வேகமானது, பத்திரிகையில் வரும், நீதிபதியின் ஒரு கோபமான வாக்கியம் தலைப்புச் செய்தியாகும். தொழில் தீர்ப்பாயத்துக்கு அந்தக் கவர்ச்சி கிடையாது. ஆனால் ரிட் மனுவில் பிரமாணப் பத்திரங்கள்தான் பேசும், தீர்ப்பாயத்தில் சாட்சி பேசலாம். அந்த அம்மா கூண்டில் ஏறி, எனக்கு வேலை சொன்னது யார், லீவு கேட்டது யாரிடம், விளக்குமாறு கொடுத்தது யார் என்று சொல்லலாம். ஒப்பந்தக்காரர் வெறும் முகமூடி என்று அங்கே நிரூபிக்கலாம். செயில் தீர்ப்பே அந்தக் கதவைத் திறந்துதான் வைத்திருக்கிறது. தகராறு நிலுவையில் இருக்கும்போது அனுமதி இல்லாமல் பணி நிபந்தனைகளைத் தொழிலாளிக்குப் பாதகமாக மாற்றக் கூடாது என்ற பாதுகாப்பும் அந்தப் பக்கம்தான் இருக்கிறது. 1947ஆம் ஆண்டுச் சட்டத்தில் அது பிரிவு 33. புதிய தொகுப்பில் எண் மாறியிருக்கிறது.

மகாராஷ்டிரத் தோழர்கள் இதை நமக்கு முன்பே கண்டுபிடித்தார்கள். கஸ்ட்ரைப் என்று அங்கே ஒரு சொல் உண்டு. காஸ்ட், ட்ரைப் இரண்டையும் ஒட்டிச் செய்த பெயர், பட்டியல் சாதி, பழங்குடி ஊழியர்களின் சங்கப் பெயர். மாநிலப் போக்குவரத்துக் கழகத்தில் பேருந்து கழுவவும் பெருக்கவும் 1980களில் அற்பக் கூலிக்குச் சேர்க்கப்பட்டு, வருடக்கணக்கில் தற்காலிகமாகவே வைக்கப்பட்டவர்களுக்காகக் கஸ்ட்ரைப் சங்கம் தொழில் நீதிமன்றம் போனது. வேலை நிரந்தரமானது, ஆளை மட்டும் தற்காலிகம் என்று வருடக்கணக்கில் வைத்திருப்பது, நிரந்தர உரிமையைத் தராமல் ஏய்க்கச் செய்யும் நேர்மையற்ற தொழில் நடவடிக்கை என்பது அவர்கள் வழக்கு. வென்றார்கள். கழகம் உச்ச நீதிமன்றம் போய், உமாதேவி தீர்ப்பு இருக்கிறதே என்றது. 2009 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் சொன்ன பதில் நமக்கு முக்கியமானது: உமாதேவி தீர்ப்பு உயர் நீதிமன்றங்களின் ரிட் அதிகாரத்தைப் பற்றியது, நேர்மையற்ற நடவடிக்கை நிரூபிக்கப்பட்டால் நிரந்தரமாக்கச் சொல்லும் தொழில் நீதிமன்றத்தின் அதிகாரத்தை அது பறிக்கவில்லை. அவர்கள் நம்பியது மகாராஷ்டிரத்தின் தனிச் சட்டம் ஒன்றை. அதே நேர்மையற்ற நடவடிக்கை 1947 சட்டத்தின் ஐந்தாம் அட்டவணையிலும் இருந்தது. தமிழ்நாட்டில் 1981ஆம் ஆண்டு நிரந்தரத் தகுதிச் சட்டம் இருக்கிறது. இருபத்து நான்கு மாதங்களில் 480 நாள் வேலை செய்தவர் நிரந்தரம் என்று அது சொல்கிறது. யாருக்கெல்லாம் அது பொருந்தும் என்பதில் தனிச் சண்டை உண்டு, அதையும் போட வேண்டியதுதான்.

உயர்ந்த நீதிமன்றங்களிலும் காற்று கொஞ்சம் மாறியிருக்கிறது. மத்திய நீர் ஆணைய அலுவலகத்தில் பகுதிநேரம் என்ற பெயரில் பத்து, இருபது வருடம் பெருக்கிய பெண்களும் ஒரு தோட்ட வேலையாளும் நிரந்தரம் கேட்டார்கள். 2018 ஏப்ரலில் நிர்வாகத் தீர்ப்பாயத்தில் தோற்றார்கள். அதே அக்டோபரில் நோட்டீஸ்கூட இல்லாமல் நிறுத்தப்பட்டார்கள். டெல்லி உயர் நீதிமன்றத்திலும் தோற்றார்கள். 2024 டிசம்பர் 20 அன்று உச்ச நீதிமன்றம் அவர்களைத் திரும்ப எடுத்து நிரந்தரமாக்கச் சொன்னது. உமாதேவி தீர்ப்பை, நியாயமான கோரிக்கைகளை மறுக்கும் ஆயுதமாக நிர்வாகங்கள் பயன்படுத்துவதையும் கண்டித்தது. 2025இல் காசியாபாத் மாநகராட்சித் தோட்டத் தொழிலாளர் வழக்கிலும், உத்தரப் பிரதேச உயர்கல்வி ஆணையத் தினக்கூலிகள் வழக்கிலும் இதே திசையில் தீர்ப்புகள் வந்தன. இவற்றை வைத்து நீதிமன்றம் நம் பக்கம் வந்துவிட்டது என்று மேடை போட மாட்டோம். இவை எல்லாம் சிலபேர், பலபேர் வழக்குகள். ஒரு மண்டலத்தையே தனியாருக்கு விடும் தீர்மானத்தை இவை தொடவில்லை.

சாவு என்று வந்தால் கதவு திறக்கிறது என்பதையும் சொல்லியாக வேண்டும். 1993க்குப் பிறகு மலக்குழியில் இறந்த ஒவ்வொருவரின் குடும்பத்துக்கும் 10 லட்சம் என்று 2014 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் சொன்னது. 2023 அக்டோபரில் அதை 30 லட்சமாக்கியது. அந்தத் தோழர்களின் நெடிய போராட்டத்துக்கு நாங்கள் தலைவணங்குகிறோம். ஆனால் குழிக்குள் இறக்கிய கை பெரும்பாலும் ஒப்பந்தக்காரரின் கை. அந்தக் கையை வேலைக்கு அமர்த்திய முடிவு கொள்கையாகி, யாரும் தொட முடியாத இடத்தில் இருக்கிறது. இறந்த பிறகு விலை சொல்லும் அதிகாரத்துக்கு வரம்பில்லை, இறப்பதற்கு முன்பு கேள்வி கேட்கத்தான் வரம்பு.

எங்கள் ஊர் வழக்குக்கு வருகிறோம். தள்ளுபடியான பிறகு அண்ணன் செய்த முதல் வேலை, அந்த உத்தரவைத் தமிழில் எழுதி, நூறு பிரதி எடுத்து மஸ்டர் இடத்தில் கொடுத்தது. ‘நீதிமன்றம் நகராட்சி செய்தது சரி என்று சொல்லவில்லை’ என்ற வரியைப் பெரிய எழுத்தில் போட்டிருந்தார். விட்டுப்போனவர்களில் ஒரு பகுதி அதன்பிறகு திரும்பி வந்தார்கள். இரண்டாவது வேலையாக, ஒவ்வொருவர் வீட்டுக்கும் போய்த் தகரப் பெட்டியைத் திறக்கச் சொன்னார். உள்ளே என்னென்னவோ இருந்தது. பழைய அடையாள அட்டை, பி.எஃப். சீட்டு, இஎஸ்ஐ அட்டை, வெள்ள நிவாரணப் பணிக்குக் கொடுத்த பாராட்டுத் தாள், தேர்தல் நாளில் பள்ளிக்கூடம் பெருக்கியதற்கான டோக்கன், எந்தக் கணக்கிலிருந்து கூலி வந்தது என்று காட்டும் பாஸ்புக். எழுதப் படிக்கத் தெரியாத ஒரு அம்மா, மேஸ்திரி கையெழுத்துப் போட்டுக் கொடுத்த ஒவ்வொரு துண்டுச் சீட்டையும் பதினாறு வருடமாக ஒரு ஹார்லிக்ஸ் பாட்டிலில் போட்டு வைத்திருந்தார். தீர்ப்பாயத்தில் இப்போது நம் பக்கச் சான்றாவணங்களில் பாதி அந்தப் பாட்டிலிலிருந்து வந்தவை. வழக்கு இன்னும் நிலுவையில் இருக்கிறது. எப்போது முடியும் என்று எங்களால் சொல்ல முடியாது. அண்ணன் அதைப் பார்க்காமலே போய்விட்டார்.

வரும் ஞாயிற்றுக்கிழமை, அதற்கடுத்த மூன்று ஞாயிற்றுக்கிழமைகள், காலை பத்து மணியிலிருந்து சங்க அலுவலகத்தில் இதே வேலை நடக்கிறது. இன்னும் நாற்பத்தோரு பேருக்குப் பணி விவரம் எழுத வேண்டியிருக்கிறது: சேர்ந்த தேதி, வார்டு, மேஸ்திரியின் பெயர், கூலி கொடுத்தவர், கூட வேலை பார்த்த இரண்டு பேர். மாணவர்கள் கையெழுத்து நன்றாக இருக்க வேண்டும் என்பதில்லை, கேட்டதைக் கேட்டபடி எழுதினால் போதும். அவர்கள் ஒரு நாளைச் சொல்லும்போது தேதியாகச் சொல்ல மாட்டார்கள். சுனாமி வந்த வருஷம், பெரிய பொண்ணு வயசுக்கு வந்த மாசம் என்று சொல்வார்கள். அதை அப்படியே எழுதிக்கொண்டு, பக்கத்தில் தேதியைக் கண்டுபிடித்துப் போடுங்கள். செல்பேசியில் படமெடுக்கும்போது தாளின் பின்பக்கத்தையும் எடுங்கள், மேஸ்திரிகள் பின்னால்தான் கையெழுத்துப் போட்டிருப்பார்கள். மதியச் சாப்பாட்டை அந்த அம்மாக்களே கொண்டுவருவதாகச் சொல்லியிருக்கிறார்கள்.